டேப்லெட்டா, ரஃப் நோட்டா?

நாற்பது வயதுக்கு மேல் பதினோராம் வகுப்புக் கணக்கை மறுபடி எடுத்தேன். தமிழ்நாட்டுப் பாடநூல் இரண்டு தொகுதியும் பிடிஎஃப்பாக இலவசமாகவே கிடைக்கிறது. எதில் திறப்பது, எதில் எழுதுவது என்பதில்தான் குழப்பம்.

போன் ஆகாது. சமன்பாட்டைப் பெரிதாக்கினால் பாதி திரைக்கு வெளியே போய்விடும். 12 அத்தியாயத்தையும் பிரிண்ட் எடுப்பதற்குப் பேசாமல் அச்சுப் புத்தகத்தையே வாங்கிவிடலாம். மிஞ்சியவை இரண்டு: டேப்லெட்டில் பிடிஎஃப் மேலேயே பேனாவால் எழுதுவது, அல்லது லேப்டாப்பில் திறந்துவைத்துப் பக்கத்தில் ரஃப் நோட்டில் போடுவது.

டேப்லெட்டில் இரண்டு மாதம் ஓட்டினேன். பார்க்க அழகாகத்தான் இருந்தது. தப்பாகப் போட்டால் அன்டூ, வரி மறைந்துவிடும். அந்த அன்டூதான் காலை வாரியது. தொகை நுண்கணிதத்தில் காஸ் 2எக்ஸைத் தொகையிட்டால் சைன் 2எக்ஸை 2-ஆல் வகுக்க வேண்டும். அந்த 2-ஐ ஒவ்வொரு முறையும் விட்டேன், விடையைப் பார்த்ததும் அழித்துத் திருத்தினேன். கடைசியில் பக்கமெல்லாம் சரியான விடைகள். எங்கே சறுக்குகிறேன் என்பதற்கு ஒரு தடயம்கூட மிஞ்சவில்லை.

நோட்டுக்கு மாறியதும் ஒரே கட்டுப்பாடு வைத்துக்கொண்டேன்: ரப்பர் கிடையாது. தப்பின் மேல் ஒற்றைக் கோடு, ஓரத்தில் தேதி. ஞாயிற்றுக்கிழமை பின்னோக்கிப் புரட்டினால், அடித்த வரிகளில் பெரும்பாலானவை இரண்டே வகை. ஒன்று அந்த வகுக்காத 2. இன்னொன்று, எக்ஸுக்குப் பதில் வேறு மாறியைப் பிரதியிடும்போது டிஎக்ஸை மாற்றாமல் விடுவது. அடுத்த வாரம் அந்த வகைக் கணக்குகளை மட்டும் போட்டேன்.

லேப்டாப்பில் இன்னொரு வசதி. கேள்வி திரையின் அடியில் நிற்கும் அளவுக்கு உருட்டி நிறுத்தினால் தீர்வு கண்ணில் படாது. அச்சுப் புத்தகத்தில் கையால் மறைத்தாலும் கண் அங்கேதான் போகும். தொகையிடல் கணக்குக்கு விடைப் பக்கமே தேவையில்லை. வகையிடுவது தொகையிடுவதற்கு நேர் தலைகீழ் என்பதால், வந்த விடையை வகையிட்டால் கேள்வி திரும்பி வர வேண்டும், வராவிட்டால் தப்பு. இதைத் தெரிந்துகொண்ட பிறகு எட்டிப் பார்க்கும் பழக்கம் பாதி குறைந்தது.

வெக்டர் இயற்கணிதத்தை டேப்லெட்டில் நான் போட்டதில்லை. படத்தின் மேலேயே அம்புக்குறி வரையலாம் என்பதால் அங்கே அது ஜெயித்தாலும் ஜெயிக்கலாம். அன்டூவைத் தொடாமல் இருக்க முடிகிறவர்களுக்கு மற்ற பாடங்களுக்கும் அது போதும். எனக்கு அந்தக் கட்டுப்பாடு இல்லை. டேப்லெட் இப்போது பையனிடம், கார்ட்டூன் பார்க்கிறான்.