கிறிஸ் பார்பரின் ‘நியூ ஆர்லியன்ஸ் ஜாய்ஸ்’: ட்ராம்போனுக்காக வாங்கிய பழைய ரிக்கார்டு

டெக்கா கம்பெனி 1954-ல் பதிவு செய்த இந்தப் பத்து அங்குல ஜாஸ் ரிக்கார்டைத் தேடுகிறவர்களில் பெரும்பாலானோருக்கு அதில் ஒரே ஒரு பாட்டுதான் வேண்டும்: லானி டோனகன் கிட்டாரோடு பாடிய ‘ராக் ஐலண்ட் லைன்’. அந்தப் பாட்டில் ட்ராம்போனே (குழாயை முன்னும் பின்னும் சறுக்கி ஊதும் பித்தளைக் கருவி) கிடையாது. குழுத் தலைவரும் ட்ராம்போன்காரருமான பார்பர் அதில் டபுள் பேஸ் என்ற ஆளுயரத் தந்திக் கருவியை மீட்டுகிறார், பெரில் பிரைடன் வாஷ்போர்டை, அதாவது துணி துவைக்கும் பலகையை, தாளத்துக்குத் தேய்க்கிறார், அவ்வளவுதான். நான் வாங்கியது மற்றப் பாட்டுகளுக்காக.

லண்டனில் பழைய ரிக்கார்டு விற்கும் ஒரு கடையிலிருந்து தபாலில் வரவழைத்தேன். 18 பவுண்டு. ‘மிக நல்ல நிலை’ என்று போட்டிருந்தார்கள். உறையைப் பொறுத்தவரை உண்மைதான். ரிக்கார்டை விளக்குக்கு நேரே சாய்த்துப் பார்த்தால், டோனகன் பாட்டு இருக்கும் பட்டை மட்டும் கறுப்பு மங்கிச் சாம்பல் பூத்துக் கிடக்கிறது. முன்பு வைத்திருந்தவர் அதை மட்டும் போட்டுத் தேய்த்திருக்கிறார்! அதைப் போட்டால் பொரிகிற சத்தம்தான் முதலில் வருகிறது. மற்றவை எல்லாம் தெளிவு. என் வரைக்கும் நஷ்டமில்லை. ஆனாலும் விவரத்தில் ஒரு வரி எழுதியிருக்கலாம்.

சரி, பார்பருக்கு வருவோம். 1930-ல் வெல்வின் கார்டன் சிட்டியில் பிறந்தவர். லண்டன் கில்ட்ஹால் இசைப் பள்ளியில் ட்ராம்போனும் டபுள் பேஸும் படித்தவர். பதிவின்போது வயது 24. அந்த ஆண்டுதான் ட்ரம்பெட் வாசித்த கென் காலியர் இந்தக் குழுவை விட்டுப் போக, அவர் இடத்துக்குப் பாட் ஹால்காக்ஸ் வந்தார். வந்தவர் 2008 வரை நகரவில்லை.

‘சைம்ஸ் ப்ளூஸ்’ போட்டுக் கேளுங்கள். மெட்டு ட்ரம்பெட்டிடம். மான்டி சன்ஷைனின் கிளாரினெட் மேலே கொடி மாதிரி சுற்றிக்கொண்டிருக்கிறது. பார்பர் கீழே நின்று, ஒரு வரி முடிந்து அடுத்தது தொடங்கும் இடைவெளியில் சறுக்கி ஏறி, அடுத்த சுரத்தில் ட்ரம்பெட்டைக் கொண்டுபோய் விட்டுவிட்டு ஒதுங்கிக்கொள்கிறார். முதல் தடவை காதில் விழாது. பிடிபட்ட பிறகு வேறெதுவும் கேட்காது. சில இடங்களில் கொஞ்சம் விறைப்பாக வாசிக்கிறார் என்பதும் உண்மைதான். அடுத்த சில ஆண்டுப் பதிவுகளில் அது தளர்ந்துவிடுகிறது.

இந்த மனிதர் பெயரில் உலகம் அறிந்த இன்னொரு வெற்றி, 1959-ல் பிரிட்டிஷ் இசைத்தட்டு விற்பனைப் பட்டியலில் மூன்றாம் இடம் வரை போன ‘பெட்டீட் ஃப்ளர்’. அதில் கிளாரினெட், கிட்டார், பேஸ், டிரம்ஸ் மட்டும். பார்பர் வாசிக்கவே இல்லை! காஸ்பல் பாடகி சிஸ்டர் ரோசெட்டா தார்ப்பையும் ப்ளூஸ் பாடகர் மடி வாட்டர்ஸையும் அமெரிக்காவிலிருந்து வரவழைத்துத் தன் குழுவோடு பிரிட்டிஷ் மேடைகளில் ஏற்றியவரும் இவர்தான். அடுத்தவருக்கு இடம் விடுவது ட்ராம்போனில் மட்டும் இருந்த பழக்கம் இல்லை போலும். 2019 வரை குழுவை நடத்தினார், 2021-ல் காலமானார்.

வாங்குகிறவர்களுக்கு: ஊசி தானாக இறங்கும் டர்ன்டேபிளில் இதைப் போடாதீர்கள். அது பெரும்பாலும் பன்னிரண்டு அங்குலக் கணக்கில் இறங்கும். பத்து அங்குல ரிக்கார்டுக்கு வெளியே ரப்பர் மேல் ஊசி விழும். கையால் வையுங்கள். ஆம்ப்ளிஃபயரில் மோனோ பொத்தான் இருந்தால் அழுத்திவிடுங்கள், கீறல் சத்தம் குறையும். டோனகன் பாட்டு மட்டும்தான் வேண்டும் என்றால் இவ்வளவு செலவு வேண்டாம், அது எத்தனையோ தொகுப்புகளில் சுத்தமாகக் கிடைக்கிறது. ட்ராம்போன் கேட்க வேண்டுமா, தேய்ந்த பிரதியாக இருந்தாலும் விலையைக் குறைத்துக் கேட்டு வாங்கலாம். ஐந்துக்கு நான்கு. குறைத்த ஒன்று கடைக்காரர் கணக்கில்.