சாப்பிட்டபின் படுப்பது: இடமா, வலமா, மல்லாந்தா?

உண்ட களைப்பு தொண்டருக்கும் உண்டு. சாப்பிட்டதும் படுக்கவே கூடாது என்று சொல்வது எளிது. கண்ணைச் சுழற்றும்போது அதைக் கேட்பது கடினம். நெஞ்செரிச்சலால் பல இரவுகள் எழுந்து உட்கார்ந்தவன் நான். நடுநிசியில் புளித்த நீர் தொண்டை வரை ஏறி, இருமிக்கொண்டே விழிப்பது எவ்வளவு கொடுமை என்பது பட்டவர்களுக்குத் தெரியும்.

முதலில் உட்கார்வதையும் படுப்பதையும் பார்ப்போம். உணவுக்குழாயும் இரைப்பையும் சேரும் இடத்தில் ஒரு சுருக்குத் தசை இருக்கிறது. வயிறு நிரம்பியிருக்கும்போது அது அவ்வப்போது தளர்ந்து கொடுக்கும். நிமிர்ந்திருந்தால் அப்போது பெரும்பாலும் காற்றுதான் ஏப்பமாக வெளியேறும். அமிலம் அடியிலேயே தங்கிவிடும். படுத்தால் அந்த வசதி போய்விடுகிறது. தூங்கிவிட்டால் இன்னும் மோசம்: உமிழ்நீர் சுரப்பதும் விழுங்குவதும் வெகுவாகக் குறைவதால், மேலே ஏறிய அமிலத்தைக் கழுவி இறக்க ஆளில்லை. சாப்பாட்டுக்கும் படுக்கைக்கும் இடையே 2 முதல் 3 மணி நேரம் விடச் சொல்வது இதனால்தான். திட உணவு இரைப்பையை விட்டு முழுதாக வெளியேற 4 மணி நேரம்கூட ஆகலாம்.

படுத்தே தீர வேண்டுமென்றால், எந்தப் பக்கம் என்பதில்தான் விஷயமே இருக்கிறது. இரைப்பையின் பெரும்பகுதி உடலின் இடப்பக்கம் தொங்குகிறது. இடப்பக்கமாக ஒருக்களித்தால் அமிலம் அந்தப் பள்ளத்தில் தேங்கும்; உணவுக்குழாயின் வாய் அதற்கு மேலே இருக்கும். வலப்பக்கம் திரும்பினால் அந்த வாய் அமில மட்டத்துக்குக் கீழே போய்விடும். பாதி நிரம்பிய தண்ணீர்ப் பாட்டிலை மூடாமல் சாய்த்துப் பாருங்கள், புரிந்துவிடும். வலப்பக்கம் படுத்தால் சீக்கிரம் செரிக்கும் என்ற வாதமும் வெறும் கதையல்ல. இரைப்பையிலிருந்து சிறுகுடலுக்குப் போகும் வழி வலப்பக்கம்தான் இருக்கிறது. உணவு அந்தத் திசையில் சற்று விரைவாக நகரக்கூடும். ஆனால் எதுக்களிப்பு உள்ளவருக்கு அந்தச் சிறு லாபம் வேண்டாம். என் ஓட்டு இடப்பக்கத்துக்கே.

மல்லாந்து படுப்பது இடப்பக்கத்துக்கு ஈடாகாது. குப்புறப் படுத்தால் நிறைந்த வயிறு அழுந்தும், அதைத் தவிர்த்துவிடுங்கள்.

தலையணைகளை அடுக்குவதா, கட்டிலை உயர்த்துவதா? இங்கேதான் பலர் ஏமாறுகிறார்கள், நானும் ஏமாந்தேன். இரண்டு மூன்று தலையணை வைத்தால் கழுத்துதான் உயர்கிறது. இடுப்பருகே உடல் மடிந்து வயிற்றின்மேல் அழுத்தம் கூடுகிறது. கட்டிலின் தலைமாட்டுக் கால்களுக்கு அடியில் கட்டை கொடுத்து 15 முதல் 20 செ.மீ. வரை உயர்த்தினால் உடல் முழுவதும் ஒரே சரிவில் கிடக்கும். தோள் முதல் இடுப்பு வரை தாங்கும் சாய்வு மெத்தையும் நல்லதே. சாய்வு நாற்காலியில் அரைமணி நேரம் கண்ணயர்வதும் தட்டையாகப் படுப்பதைவிட மேல்; ஆனால் கூன் விழுந்து சரிந்தால் தலையணை அடுக்கிய கதைதான்.

ஒரு முக்கியமான விலக்கு: இவை பெரியவர்களுக்கான பேச்சு. பால் கக்கும் கைக்குழந்தையை ஒருக்களித்தோ சரிவிலோ தூங்கவைக்காதீர்கள். சமதளத்தில் மல்லாந்து கிடத்துவதே அதற்குப் பாதுகாப்பு. பெரியவர்களில் விழுங்கும்போது அடைப்பு, காரணமில்லாத எடைக்குறைவு, கறுத்த மலம், இரத்த வாந்தி என எது தென்பட்டாலும் பக்கம் மாற்றிப் படுத்துப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டாம். உடனே மருத்துவரிடம் போங்கள். நெஞ்சை அழுத்தும் வலி கைக்கோ தாடைக்கோ பரவினால், அதை நெஞ்செரிச்சல் என்று எண்ணி விடியும்வரை காத்திருக்காதீர்கள்.