வீட்டுக்கடன் கால்குலேட்டர்: ஐந்துக்கு மூன்று

கடன் தரும் நிறுவனங்களின் தளங்களில் இருக்கும் இஎம்ஐ (மாதத் தவணை) கால்குலேட்டர்கள் எல்லாம் கிட்டத்தட்ட ஒரே அச்சுதான். இடது பக்கம் விரலால் தள்ளுகிற மூன்று பட்டைகள்: கடன் தொகை, வட்டி, காலம். வலது பக்கம் அசலையும் வட்டியையும் இரண்டு வண்ணத்தில் பிரித்துக் காட்டும் ஒரு வட்டம். அதற்கு மேலே கொட்டை எழுத்தில் மாதத் தவணை. மொத்த வட்டி எவ்வளவு என்பது வட்டத்துக்குக் கீழே, சாம்பல் நிறத்தில், கண்ணாடி போட்டால்தான் தெரிகிற அளவில் இருக்கும். மாதாமாத அட்டவணை வேண்டுமென்றால் இன்னும் கீழே போய் ஒரு சின்ன இணைப்பை அமுக்க வேண்டும்.

என் தம்பி கடன் எடுக்கப் போகிறான். "அக்கா, மாசம் எவ்வளவு வரும்னு மட்டும் பார்த்துச் சொல்லு" என்றான். சம்பளப் பட்டியல் போடுவது என் பிழைப்பு. இப்படி ஒரு பெட்டியில் எண்ணைப் போட்டு விடை வாங்கினால் எனக்குத் திருப்தி வராது. அதனால் கையில் கிடைத்த கால்குலேட்டர்களை எல்லாம் தட்டிப் பார்த்துவிட்டு, அதே கணக்கை எக்செலிலும் போட்டுப் பார்த்தேன். அந்த அனுபவம்தான் இந்த விமர்சனம்.

யாருக்கும் பொருந்தட்டும் என்று கடனை 100 என்றே வைத்துக்கொள்கிறேன். வட்டி வருடத்துக்கு 8 சதவீதம், மீதி அசல் மேல் மாதாமாதம் கணக்கிடுவது. உங்கள் தொகை எத்தனை நூறோ, அதால் பெருக்கிக்கொள்ளுங்கள்.

முதலில் நல்லதைச் சொல்லிவிடுகிறேன். கூட்டல் கழித்தலில் எந்தக் கால்குலேட்டரும் ஏமாற்றவில்லை. எக்செலில் தவணை கணக்கிடும் பிஎம்டி (PMT) சூத்திரம் தருகிற விடையேதான் இவற்றிலும் வருகிறது. 15 வருடத்துக்கு எடுத்தால் மாதம் 0.956, மொத்தம் கட்டுவது 172. 20 வருடம் என்றால் மாதம் 0.836, மொத்தம் 201. 30 வருடம் என்றால் மாதம் 0.734, மொத்தம் 264. கைபேசியிலும் நன்றாக ஓடுகிறது, சட்டென்று விடை வருகிறது. இதற்கெல்லாம் முழு மதிப்பெண்.

குறை எங்கே என்றால், நான் பார்த்தவற்றில் பாதிக்கு மேல், பக்கத்தைத் திறக்கும்போதே காலப் பட்டை நீண்ட காலத்தில்தான் வந்து நிற்கிறது. மேலே கொட்டை எழுத்தில் தெரிகிற எண் சின்னதாக இருக்கும், பார்ப்பவருக்கும் "கட்டிடலாம்" என்று தோன்றும். 20 வருடத்திலிருந்து 30-க்குப் போனால் தவணை 12 சதவீதம்தான் இறங்குகிறது. வட்டியோ 101-லிருந்து 164-க்கு ஏறுகிறது. பட்டையைத் தள்ளும்போது இந்த இரண்டும் பக்கத்துப் பக்கத்தில் தெரிந்தால் போதும், நிறையப் பேர் விரலை நிறுத்துவார்கள். அப்படி ஒரே பார்வையில் காட்டுகிற கால்குலேட்டர் ஒன்றுகூட எனக்குக் கிடைக்கவில்லை.

அந்தச் சின்ன இணைப்பை அமுக்கி அட்டவணையைத் திறந்தால்தான் சுவாரசியம் ஆரம்பிக்கிறது. 20 வருடக் கடனின் முதல் வரி இப்படி: தவணை 0.836, அதில் வட்டி 0.667, அசலுக்குப் போனது 0.170, மீதி அசல் 99.83. கட்டிய பணத்தில் ஐந்தில் நான்கு பங்கு வட்டி. அப்படியே கீழே இறங்குங்கள். ஒரு வருடம் முடியும்போது நீங்கள் கட்டியது 10, கடனில் குறைந்தது 2 சொச்சம். ஐந்து வருடம் முடியும்போது கட்டியது 50, மீதி அசல் 87.5. பாதி காலம், அதாவது 10 வருடம், ஓடி முடிந்த பிறகும் 69 பாக்கி இருக்கிறது. அசல் பாதியாவது 164-வது மாதத்தில்தான், அதாவது 14-வது வருடத்தில்.

இதைப் பார்த்ததும் "முதல்ல வட்டியைப் பிடிச்சுக்கிறாங்க, பெரிய மோசடி" என்று எங்கள் அலுவலகத்தில் ஒருவர் குதித்தார். மோசடி ஒன்றும் இல்லை. ஒவ்வொரு மாதமும் மீதி இருக்கிற அசலுக்குத்தான் வட்டி போடுகிறார்கள். முதல் மாதம் 100 பாக்கி, அதனால் வட்டி அதிகம். தவணை மாறாமல் இருக்க வேண்டும் என்பதால் அசலுக்குக் கிடைப்பது மிச்சம் மீதிதான். உண்மையிலேயே உஷாராக இருக்க வேண்டியது, யாராவது ஃப்ளாட் வட்டி என்று சொன்னால்தான். அதில் அசல் குறையக் குறைய வட்டி குறையாது, கடைசி மாதம் வரை முழு 100-க்கும் வட்டி. 20 வருடத்துக்கு 8 சதவீத ஃப்ளாட் என்றால் வட்டி மட்டும் 160. சாதாரண முறையில் சொன்னால் அது கிட்டத்தட்ட 11.75 சதவீதக் கடன்.

மூன்று மதிப்பெண்ணோடு நிறுத்தியதற்கு முக்கியக் காரணம் வட்டி மாறுகிற விஷயம். கால்குலேட்டர், இன்றைய வட்டி கடைசி வரை அப்படியே இருக்கும் என்று வைத்துக்கொண்டுதான் கணக்குப் போடுகிறது. ஃப்ளோட்டிங் வட்டிக் கடனில், அதாவது வட்டி அவ்வப்போது மாறுகிற கடனில், அது நடக்காது. வட்டி ஏறினால் பல இடங்களில் தவணையை ஏற்ற மாட்டார்கள், காலத்தை நீட்டிவிடுவார்கள். வங்கிக் கணக்கில் அதே தொகைதான் பிடிக்கும், அதனால் யாருக்கும் சுருக்கென்று படாது.

எக்செலில் போட்டுப் பார்த்தேன். கடன் எடுத்த உடனே 8 சதவீதம் 9 ஆகிவிட்டது, தவணை அதே 0.836 என்று வையுங்கள். 240 மாதம் 304 மாதம் ஆகிறது. ஐந்து வருடத்துக்கும் மேல் கூடுதலாகக் கட்ட வேண்டும், மொத்தம் 254. சரி, 10 ஆனால்? 674 மாதம். 56 வருடம்! வீடு வாங்கியவர் தவணையைப் பேரனிடம் ஒப்படைக்க வேண்டியதுதான். 10.04-ஐத் தொட்டால் மாத வட்டியே தவணையைத் தாண்டிவிடும், கட்டக் கட்டக் கடன் வளரும். நடைமுறையில் அதற்கு முன்பே நிறுவனம் தவணையை ஏற்றச் சொல்லிக் கடிதம் அனுப்பிவிடும். அந்தக் கடிதம் வருகிற வரைக்கும் காலம் சத்தமில்லாமல் நீண்டுகொண்டிருக்கும். "வட்டி ஒன்று ஏறினால் என்ன ஆகும்" என்று ஒரு பொத்தான் வைக்க எவ்வளவு செலவாகிவிடும்? வைக்க மாட்டார்கள்.

முன்கூட்டிக் கட்டுவதற்குச் சில தளங்களில் தனிக் கால்குலேட்டர் இருக்கிறது. பரவாயில்லை, உபயோகமானது. ஆனால் எப்போது கட்டுகிறோம் என்பதை மாற்றிப் பார்க்க விடுவதில்லை, விஷயமே அதில்தான் இருக்கிறது. அதே 8 சதவீத, 20 வருடக் கடனில் முதல் வருட முடிவில் கையில் 5 கிடைத்து அசலில் கட்டினால், 25 மாதம் குறைகிறது, வட்டியில் 16 மிச்சம். அதே 5-ஐ 15-வது வருட முடிவில் கட்டினால் 9 மாதம்கூடக் குறையாது, மிச்சம் 2 சொச்சம்தான். இன்னொன்று: பணத்தைக் கட்டும்போது "தவணை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள்" என்று வாயால் சொன்னால் போதாது, எழுதிக் கொடுங்கள். தவணையைக் குறைத்துவிட்டுக் காலத்தை அப்படியே விட்டால் இவ்வளவு மிச்சம் வராது.

மொத்தமாகக் கட்ட வழியில்லாதவர்களுக்கு நான் சொல்வது, சம்பளம் ஏறும்போது தவணையையும் ஏற்றுங்கள். வருடா வருடம் 5 சதவீதம் ஏற்றினால் 20 வருடக் கடன் 12 வருடம் 4 மாதத்தில் முடிந்துவிடுகிறது. வட்டி 101-லிருந்து 65-க்கு இறங்குகிறது. சம்பள உயர்வு போட்ட மாதமே இதைச் செய்துவிட வேண்டும். இரண்டு மாதம் கழித்து அந்தப் பணம் எங்கே போனது என்று யாருக்கும் தெரியாது. பட்டியல் போடுகிற எனக்கு இது நன்றாகவே தெரியும்.

இங்கே தம்பி ஒரு நியாயமான கேள்வி கேட்டான். "இருபது வருஷம் கழிச்சுக் கட்டுற பணமும் இன்னைக்குக் கட்டுற பணமும் ஒண்ணாக்கா?" ஒன்றில்லைதான். விலைவாசி வருடத்துக்கு 5 சதவீதம் ஏறினால், 20 வருடம் கழித்துக் கட்டும் 1-க்கு இன்றைய மதிப்பு 0.38. எல்லாத் தவணைகளையும் இப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால், 20 வருடக் கடனின் 201, 128 ஆகிறது. 30 வருடக் கடனின் 264, 138 ஆகிறது. அந்த வட்டத்தின் வட்டிப் பகுதி எவ்வளவு பயமுறுத்துகிறதோ அவ்வளவு வித்தியாசம் நிஜத்தில் இல்லை. ஆக, மொத்தத் தொகையை மட்டும் பார்த்து மிரள்பவர்களையும் கால்குலேட்டர் கொஞ்சம் ஏமாற்றத்தான் செய்கிறது. ஆனால் இந்தக் கணக்கு பலிக்க வேண்டுமென்றால் உங்கள் வருமானமும் விலைவாசியோடு சேர்ந்து ஏற வேண்டும். "நீளமாக எடுத்துக்கொண்டு மிச்சமாகும் தவணையை முதலீடு செய்வேன்" என்பவர்கள், கடனின் வட்டியைவிட, வரி போக, கூடுதலாகச் சம்பாதிக்க வேண்டும். அதைவிட முக்கியம், மாதம் தவறாமல் உண்மையிலேயே முதலீடு செய்ய வேண்டும்.

கடனை வேறு இடத்துக்கு மாற்றச் சொல்லும் தளங்களிலும் ஒரு கால்குலேட்டர் இருக்கிறது. இதற்கு ஐந்துக்கு ஒன்றுதான் தருவேன். 20 வருடக் கடனில் 7 வருடம் கட்டியாகிவிட்டது, மீதி அசல் 81. புது இடத்தில் 7.5 சதவீதம், புதிதாக 20 வருடம். "உங்கள் தவணை 22 சதவீதம் குறைகிறது!" என்று பச்சை நிறத்தில் வருகிறது. பழைய கடனைத் தொடர்ந்தால் இன்னும் கட்ட வேண்டியது 130 சொச்சம். புதியதில் கட்ட வேண்டியது 156 சொச்சம். வட்டி குறைந்த கடனுக்கு 26 அதிகமாகக் கட்டுகிறீர்கள், ஏனென்றால் ஓடிப்போன ஏழு வருடத்தை மறுபடி முதலிலிருந்து ஆரம்பிக்கிறீர்கள். மீதி 13 வருடத்துக்கே 7.5-க்கு மாற்றினால் 127-ல் முடியும், 3.5 மிச்சம். மாற்றுவதற்கான கட்டணங்கள் அந்த 3.5-க்குள் அடங்கினால்தான் லாபம்.

பிராசஸிங் கட்டணம், சட்ட ஆய்வு, மதிப்பீடு இவற்றையெல்லாம் கால்குலேட்டர் கண்டுகொள்வதே இல்லை. காப்பீட்டுப் பிரீமியத்தைக் கடனோடு சேர்த்துவிடுவார்கள், அதைக் கவனியுங்கள்: 2 பிரீமியத்தைச் சேர்த்தால் 20 வருடத்தில் 4 கட்டுவீர்கள். சொத்து வரி, பழுதுபார்ப்பு எல்லாம் வீட்டின் செலவு, கடனின் செலவு இல்லை. ஆனாலும் அதே சட்டைப்பையிலிருந்துதான் போகும்.

கால்குலேட்டரைவிட நம்பகமானது, நிறுவனம் சட்டப்படி கொடுக்க வேண்டிய தாள். அமெரிக்காவில் 2015 அக்டோபரிலிருந்து தரப்படும் கடன் மதிப்பீட்டுப் படிவத்தின் மூன்றாம் பக்கத்தில், ஐந்து வருடத்தில் எவ்வளவு கட்டியிருப்பீர்கள், அதில் அசல் எவ்வளவு குறைந்திருக்கும், மொத்த வட்டி கடனில் எத்தனை சதவீதம் என்று மூன்று நான்கு வரியில் போட்டிருக்கும். நான் கேட்பது அதைத்தான். இந்தியாவில் 2024 அக்டோபர் 1 முதல், புதிய சில்லறைக் கடன்களுக்கு முக்கிய விவர அறிக்கை தர வேண்டும் என்று ரிசர்வ் வங்கி சொல்லியிருக்கிறது. கட்டணங்களையும் சேர்த்த வருடாந்திர விகிதமும் தவணை அட்டவணையும் அதில் இருக்க வேண்டும். ஐரோப்பிய ஒன்றியத்திலும் இதே மாதிரி ஒரு பொதுப் படிவம் உண்டு. இரண்டு நிறுவனங்களை ஒப்பிடும்போது விளம்பர வட்டியை விட்டுவிட்டு, கட்டணம் சேர்த்த அந்த விகிதத்தை வைத்து ஒப்பிடுங்கள். ஒரே காலத்துக்கு, ஒரே வகை வட்டிக்குத்தான் ஒப்பிட வேண்டும், இல்லையென்றால் அதுவும் குழப்பும்.

அப்புறம் ஒரு எரிச்சல். ஒரு தளத்தில் அட்டவணையைத் திறக்கக் கைபேசி எண் கேட்டார்கள். கொடுத்தேன். அட்டவணை வருவதற்குள் அழைப்பு வந்துவிட்டது. "மேடம், எவ்வளவு லோன் பார்க்குறீங்க?" என்றவரிடம், "வட்டி ஏறினால் தவணையை ஏற்றுவீர்களா, காலத்தை நீட்டுவீர்களா?" என்று கேட்டேன். மேலதிகாரியிடம் கேட்டுச் சொல்வதாகச் சொன்னார். எக்செலில் ஐந்து நெடுவரிசைகள் போட்டால் போதும்: மாதம், தவணை, வட்டி, அசல், மீதி. யாருக்கும் எண் கொடுக்க வேண்டியதில்லை.

தம்பி இப்போது 20-க்கும் 25-க்கும் நடுவில் ஊசலாடுகிறான். 25 என்றால் மாதம் 0.772, மொத்தம் 232. அவன் பேசிக்கொண்டிருக்கிற நிறுவனத்திடம் அதே கேள்வியை மின்னஞ்சலில் கேட்கச் சொன்னேன். எழுத்தில் பதில் வந்த பிறகுதான் கையெழுத்து என்று சொல்லிவிட்டான்.