‘கிங் ஆஃப் ஜாஸ்’: புளூரே வட்டு பற்றி

அமெரிக்காவின் யுனிவர்சல் நிறுவனம் 1930இல் எடுத்த ‘கிங் ஆஃப் ஜாஸ்’ படத்தை, பழைய படங்களை வட்டுகளாக வெளியிடும் கிரைட்டீரியன் நிறுவனம் 2018இல் கொண்டுவந்த புளூரே வட்டில், மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் உள்ள எங்கள் வீட்டில் அம்மாவுடன் பார்த்தேன். அஞ்சலில் வந்த பெட்டியின் ஒரு மூலை நசுங்கியிருந்தாலும் வட்டுக்குச் சேதம் இல்லை. தமிழ் வசன வரிகள் கிடையாது; ஆயினும் கதையென்று ஒன்று இல்லாமல் பாட்டும் ஆட்டமும் துணுக்குகளுமாக ஓடும் படம் என்பதால், ஆங்கிலம் தெரியாத அம்மாவுக்கு அது தடையாக இருக்கவில்லை.

நம் முதல் பேசும் படமான ‘காளிதாஸ்’ 1931இல் வந்தது. அதன் படச்சுருள் இன்று இல்லை. அதற்கும் ஓராண்டு மூத்த இந்தப் படமோ, சிவப்பையும் பச்சையையும் மட்டுமே பதியக்கூடிய அக்கால டெக்னிக்கலர் என்ற வண்ணப்பட முறையில், புதுப்பிக்கப்பட்ட பொலிவுடன் நிற்கிறது. அமெரிக்க இசையமைப்பாளர் கெர்ஷ்வின் இயற்றிய ‘ராப்ஸடி இன் புளூ’ என்ற இசை வரும் காட்சியில் இந்தக் குறைபாடே அழகாகிறது: பெயரில் நீலம் இருந்தும் அந்த நிறத்தைக் காட்ட வழியில்லாததால் மேடை முழுவதும் பச்சை கலந்த ஒரு நீர்நிறம் படர, பூதாகரமான பியானோவின் வயிற்றுக்குள் படத்தின் நாயகரான பால் வைட்மேனின் ஜாஸ் இசைக்குழு அமர்ந்து வாசிக்கிறது. இசையை முன்கூட்டியே பதிவு செய்து, அதற்கேற்பப் படம்பிடித்ததால் ஒலியும் தெளிவாக இருக்கிறது. ஜோ வெனுட்டியின் வயலினும் எட்டி லாங்கின் கிதாரும் சேரும் சிறு பகுதிக்காகவே இதை வாங்கலாம்.

வரலாறு கற்க வாங்கக் கூடாது. ‘ராப்ஸடி’க்கு முன், ஜாஸ் ஆப்பிரிக்கக் காட்டு முரசிலிருந்து பிறந்ததாகச் சொல்லி, உடலெங்கும் கறுப்பு பூசிய ஒருவரைப் பெரிய முரசின் மீது ஆடவிடுகிறார்கள். இறுதிக் காட்சியிலோ இத்தாலியர், ஸ்காட்லாந்தியர், ஸ்பானியர், ரஷ்யர் என்று ஐரோப்பிய இசைகளையெல்லாம் ஒரு கொப்பரையில் இட்டுக் கிளறி, இதுதான் ஜாஸ் என்கிறார்கள். அந்த இசையை உண்மையில் உருவாக்கிய கறுப்பின அமெரிக்கர்களுக்கு அதில் இடமே இல்லை. தோட்டத் தொழிலாளர்களின் லயத்து வீட்டில் வளர்ந்து, தோட்டத்துக் கோயில் திருவிழாவில் தப்புப் பறை அடித்தவர்களின் பெயரையெல்லாம் இன்றும் சொல்லக்கூடிய அம்மா, கொப்பரையை உற்றுப் பார்த்துவிட்டு, முரசின் மேல் ஆடியவன் எங்கே போனான் என்று கேட்டார். நான் வட்டை மறுபடியும் பியானோ காட்சிக்கு ஓட்டினேன்.