தடத்தை மறித்தால் அவமதிப்பு வழக்கா, ஈ.பி.யா?

பெருந்துறைப் பக்கம் எங்கள் தோட்டத்துக்குப் போகிற வண்டித்தடத்தை மறிக்கக் கூடாது என்று நிரந்தர இன்ஜங்ஷன் டிகிரி, அதாவது நிரந்தரத் தடை போட்ட தீர்ப்பாணை வாங்கினோம். அதன் பிறகும் பங்காளி குறுக்கே கல்லுக்கால் நட்டுக் கம்பி கட்டிவிட்டார். ஊரில் பாதிப்பேர் “ஹைகோர்ட்டுல அவமதிப்பு போடுங்க, உள்ள போயிருவாரு” என்றார்கள். நாங்கள் தீர்ப்பு தந்த முன்சீப் கோர்ட்டிலேயே ஈ.பி., அதாவது நிறைவேற்று மனு போட்டோம். இப்போது கேட்டாலும் அதைத்தான் சொல்வேன்.

செலவு, சென்னைக்கு அலைச்சல் (கரூர்க்காரர்களுக்கு மதுரைக் கிளை) எல்லாம் எல்லோருக்கும் தெரிந்ததுதான், விடுங்கள். கெடுவை மட்டும் கவனியுங்கள். அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனு போட வேண்டும். நிரந்தர இன்ஜங்ஷனை நிறைவேற்றக் கால வரம்பே கிடையாது.

எனக்கு முடிவைத் தந்த கேள்வி ஒன்றுதான். ஜெயித்தால் கல்லுக்கால் போகுமா? 1971-ஆம் ஆண்டு அவமதிப்புச் சட்டத்தில் அதிகபட்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். எதிராளி மனதார மன்னிப்புக் கேட்டு, கோர்ட்டும் அதை ஏற்றுக்கொண்டால் அதுகூட இல்லை. அதோடு வேண்டுமென்றே மீறினார் என்று நிரூபிக்க வேண்டும். அவர் “நான் நட்டது என் பட்டா நிலத்துல, தடம் அந்தப் பக்கம்” என்று ஒரு வார்த்தை சொன்னால் அது எல்லைத் தகராறாகிவிடும். அவமதிப்பைக் கேட்கிற கோர்ட் சர்வே கல்லைத் தேடி அளந்துகொண்டிருக்காது, ஏற்கெனவே உள்ள உத்தரவைத் தாண்டிப் புதிதாக எதையும் சேர்க்கவும் சேர்க்காது. டிகிரியை நிறைவேற்றும் குறுக்குவழியாக அவமதிப்பைப் பயன்படுத்தாதீர்கள் என்று உச்ச நீதிமன்றமே பலமுறை சொல்லியிருக்கிறது.

ஈ.பி.யில் அதே கேள்விக்கு வழி இருக்கிறது. கோர்ட் நியமிக்கிற வக்கீல் கமிஷனரைச் சர்வேயரோடு நேரில் அனுப்பி, புலப்படத்தை வைத்து அளக்கச் சொல்லிக் கேட்கலாம். சிவில் நடைமுறைச் சட்டம் 21-ஆம் கட்டளை 32-ஆம் விதிப்படி எதிராளியின் சொத்தை ஜப்தி செய்யலாம், சிவில் சிறையிலும் வைக்கலாம். எல்லாவற்றையும் விட முக்கியம் அதே விதியின் ஐந்தாம் உட்பிரிவு. செய்ய வேண்டியதைக் கோர்ட்டே ஆள் வைத்துச் செய்துவிட்டு, செலவை எதிராளியிடம் வசூலிக்கலாம். ‘செய்யாதே’ என்கிற இன்ஜங்ஷனுக்கும் இது பொருந்தும் என்று 2002 திருத்தத்தில் விளக்கமே சேர்த்துவிட்டார்கள். எங்களுக்கு வேண்டியது பங்காளி ஜெயிலுக்குப் போவதல்ல, டிராக்டர் உள்ளே போவது.

ஈ.பி. இழுக்கும் என்பதை நான் மறுக்கவில்லை, நாங்களும் வாய்தா வாய்தாவாகப் பார்த்தோம். ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று 2025 மார்ச்சில் தமிழ்நாட்டு நில வழக்கு ஒன்றிலேயே உச்ச நீதிமன்றம் அழுத்திச் சொல்லியிருக்கிறது, அதை மனுவில் எடுத்துக் காட்டச் சொல்லுங்கள்.

வழக்கு நடக்கும்போதே இடைக்காலத் தடையை மீறினால் அதே சிவில் நடைமுறைச் சட்டத்தில் 39-ஆம் கட்டளையின் 2ஏ விதி இருக்கிறது. ஜப்தி உண்டு, மூன்று மாதம் வரை சிவில் சிறையும் உண்டு. அதை நாங்கள் போட்டுப் பார்த்ததில்லை, அதனால் நடைமுறையில் எவ்வளவு வேகம் என்று உறுதியாகச் சொல்ல மாட்டேன்.

அவமதிப்பு வழக்குக்கும் இடம் உண்டு. எட்டு வாரத்தில் அளந்து கொடு என்று ரிட் மனுவில் (அதிகாரி மீது ஹைகோர்ட்டில் நேரடியாகப் போடும் மனு) ஹைகோர்ட் உத்தரவு போட்டும் தாசில்தார் அசையவில்லை என்றால் அதுதான் சரியான வழி. கோர்ட்டில் விற்க மாட்டேன் என்று உறுதி கொடுத்துவிட்டுக் கிரயம் செய்து கொடுத்தவர் மீதும் போடலாம். அப்படி மீறிச் செய்த கிரயத்தை அவமதிப்பு வழக்கிலேயே ரத்து செய்யலாம் என்று 2023-இல் உச்ச நீதிமன்றம் ஏற்றிருக்கிறது.

எதைப் போடுவதாக இருந்தாலும், முதலில் டிகிரி நகலை வாங்கிச் சொத்து விவரத்தைப் படியுங்கள். தடத்தின் அகலம், திசை, சர்வே நம்பர் மூன்றும் அதில் தெளிவாக இருக்கிறதா என்று பாருங்கள், இல்லாவிட்டால் ஈ.பி.யும் திணறும். இன்னும் வழக்கே போடவில்லை என்றால், இப்போதே அளந்து வரைபடத்தோடு சேர்த்துப் போடச் சொல்லுங்கள்.