‘மைனஸ் அயன்’ கல் டாலர்: யார் கொடுத்தாலும் வாங்காதீர்கள்

குவாண்டம் பென்டன்ட், ஸ்கேலார் எனர்ஜி டாலர், மைனஸ் அயன் கல் என்று எந்தப் பெயரில் நீட்டினாலும் வாங்காதீர்கள். நான் வாங்கினேன். எனக்காக வாங்கியிருந்தால்கூட இவ்வளவு உறுத்தாது. அம்மாவுக்காக வாங்கினேன்.

அம்மாவுக்குப் பல வருட முட்டுவலி. நாகர்கோவிலில் ஒரு மண்டபத்தில் கூட்டம் நடக்கிறது என்று சொந்தக்காரர் ஒருவர் எங்களை அழைத்துப் போனார். மேடையில் இருந்தவர் கறுப்பாக வழுவழுவென்று ஒரு வட்டக் கல்லைக் காட்டினார். ஜப்பான் எரிமலைக் குழம்பில் செய்ததாம். ரத்த ஓட்டம் சீராகும், வலி போகும், செல்போன் கதிர் அண்டாது என்றார்.

“தம்பி, நீங்க வாங்க” என்று என்னைக் கூப்பிட்டு, ஒற்றைக்காலில் நிற்கச் சொல்லி, நீட்டிய கையை அழுத்தினார். சாய்ந்துவிட்டேன். கல்லைக் கழுத்தில் மாட்டிவிட்டு மறுபடி அழுத்தினார். அசையவில்லை. மண்டபமே கைதட்டியது. முதல் தடவை கையை உடம்பிலிருந்து விலக்கி அழுத்துகிறார்கள், இரண்டாவது தடவை உடம்பை நோக்கி அழுத்துகிறார்கள். வித்தை அவ்வளவுதான். வீட்டில் நீங்களே செய்து பார்க்கலாம், கல்லே வேண்டாம்.

என்னை விழவைத்தது அதற்கு அடுத்தது. கையடக்கமான ஒரு மீட்டரைக் கல்லின் மேல் வைத்தார். எண் விறுவிறுவென்று ஏறியது. “பாருங்க, இவ்வளவு மைனஸ் அயன் வருது. கருவி பொய் சொல்லாது” என்றார். 6,500 ரூபாய் கொடுத்து வாங்கினேன்.

கருவி பொய் சொல்லவில்லைதான். கல்லுக்குள் பேட்டரி கிடையாது, வயர் கிடையாது. அப்படியிருக்க, இரவும் பகலும் ஓயாமல் காற்றை அயனியாக்க, அதாவது மின்னேற்றம் உள்ள துகள்களாக மாற்ற, அதற்கு ஆற்றல் எங்கிருந்து வரும்? இந்தக் கேள்வியை அன்றைக்கே நான் கேட்டிருக்க வேண்டும். கதிரியக்கத்திலிருந்து வருகிறது. கல்லில் கலந்திருக்கும் தாதுவில் தோரியமும் யுரேனியமும் இருக்கின்றன. அவற்றிலிருந்து கிளம்பும் கதிர்தான் காற்றை அயனியாக்குகிறது. எந்த எண்ணைக் காட்டி நம்மை வாங்க வைக்கிறார்களோ, அந்த எண்ணே ஆபத்தின் அளவு.

இது தெரிய எனக்கு நான்கு மாதம் ஆனது. என் அத்தை மகன் கல்லூரியில் இயற்பியல் சொல்லிக்கொடுக்கிறான். ஒரு நாள் வீட்டுக்கு வந்தவன் டாலரைப் பார்த்துவிட்டு, கொஞ்சம் கழற்றித் தரச் சொல்லி ஆய்வகத்துக்கு எடுத்துப் போனான். நானும் கூடவே போனேன். கதிரியக்கத்தைக் காட்டும் கெய்கர் கருவி சும்மா இருந்தபோது எப்போதாவது ஒரு ‘டக்’. கல்லைக் கிட்டே கொண்டுபோனதும் மழை பிடித்ததுபோலச் சடசடவென்று அடித்தது. “மச்சான், மாமி இதை ராத்திரியும் போட்டிருந்தாங்களா?” என்று கேட்டான். ஆமாம், ராத்திரியும்தான்.

அதைவிட மோசமான ஒன்றை அப்போதுதான் அவனிடம் சொன்னேன். கல்லை இரவில் செம்புத் தண்ணீரில் போட்டு, காலையில் வெறும் வயிற்றில் குடிக்கச் சொல்லியிருந்தார்கள். அம்மா ஒரு நாளும் தவறாமல் குடித்தார். தோரியத்தின் ஆல்ஃபா கதிரைத் தோலின் மேல்படலமே தடுத்துவிடும். ஆனால் உடம்புக்குள் போன தோரியம் எலும்பிலும் ஈரலிலும் தங்கிவிடும். கல் உடையாமல் இருந்ததால் தண்ணீரில் பெரிதாக எதுவும் இறங்கியிருக்காது என்றான் அவன். டாக்டரும் இப்போதைக்குப் பயப்பட வேண்டாம் என்றார். ஆனாலும் எனக்குப் பல ராத்திரி தூக்கம் வரவில்லை.

எனக்கு இன்னொரு வேதனையும் உண்டு. நாங்கள் கன்னியாகுமரி மாவட்டத்துக்காரர்கள். எங்கள் மணவாளக்குறிச்சி மணலில் மோனசைட் என்ற தாது இருக்கிறது, அதில் தோரியம் இருக்கிறது என்று பள்ளிக்கூடத்திலேயே படித்தவர்கள். அந்த மோனசைட்டில் 8 முதல் 10 சதவீதம் தோரியம் ஆக்சைடு. அந்தக் காலத்துப் பெட்ரோமாக்ஸ் மேன்டில் வெள்ளையாக எரிந்ததும் தோரியத்தால்தான். இதெல்லாம் தெரிந்தும் ‘எரிமலைக் கல்’ என்றதும் நம்பிவிட்டேன்.

2021 டிசம்பரில் நெதர்லாந்தின் அணுப் பாதுகாப்பு ஆணையம் இப்படிப்பட்ட 10 பொருட்களைப் பெயர் சொல்லி எச்சரித்தது. கழுத்து டாலர், தூங்கும்போது கட்டும் கண்பட்டை, குழந்தைகளுக்கான கைவளையம் எல்லாம் அந்தப் பட்டியலில் இருந்தன. நீண்ட நாள் தொடர்ந்து அணிந்தால் உடம்புக்குக் கேடு வரலாம் என்றும், உடனே கழற்றிப் பத்திரமாக எடுத்து வைக்கும்படியும் சொன்னது.

பணத்தைத் திருப்பிக் கேட்டேன். முதலில் “உங்களுக்கு நம்பிக்கை இல்லை, அதனால்தான் வேலை செய்யல” என்றார்கள். அப்புறம், இரண்டு பேரைச் சேர்த்துவிட்டால் என் பணம் கமிஷனாக வந்துவிடும் என்றார்கள். இன்னும் இரண்டு அம்மாக்கள் கழுத்தில் இதை மாட்ட வேண்டுமாம். இப்போது போனே எடுப்பதில்லை.

உங்கள் வீட்டில் இது இருந்தால் இன்றே கழற்றுங்கள். உடைக்காதீர்கள், தேய்க்காதீர்கள், எரிக்காதீர்கள். தூள் மூச்சில் போனால் அதுதான் ஆபத்து. குப்பையிலும் போட வேண்டாம். உறையில் போட்டு ஒட்டி, டப்பாவில் மூடி, ஆள் புழங்காத இடத்தில் வைத்துவிட்டு, அணுசக்தி ஒழுங்குமுறை வாரியத்துக்கு எழுதிக் கேளுங்கள். எங்கள் கல் இப்போது வீட்டுக்குப் பின்னால் விறகுப்புரையில், டப்பாவுக்குள் இருக்கிறது. நானும் எழுதிவிட்டுக் காத்திருக்கிறேன். கல் போட்ட தண்ணீரை யாராவது குடித்திருந்தால் டாக்டரிடம் மறைக்காமல் சொல்லுங்கள்.

அதே ஆட்கள் தக்கலைப் பக்கம் அடுத்த கூட்டம் போடப்போவதாகக் கேள்விப்பட்டேன். அந்தப் பக்கம் முட்டுவலியோடு யாராவது உங்களுக்குச் சொந்தத்தில் இருந்தால் இன்றைக்கே ஒரு போன் போட்டுச் சொல்லிவிடுங்கள்.