ஆக்சிடென்ட் கிளைம் புரோக்கர்கள்: நிஜக் காயத்தையும் பொய்யாக்கிவிடுவார்கள், ஜாக்கிரதை

திருப்பூர்க்காரர்கள் அவசியம் படியுங்கள். என் மச்சான் பனியன் கம்பெனியில் பவர் டேபிள் டெய்லர். ஒரு ஞாயிற்றுக்கிழமை பல்லடம் ரோட்டில் பின்னால் வந்த டெம்போ இடித்து, வலது மணிக்கட்டு நொறுங்கி, பிளேட் வைத்தார்கள். ஆஸ்பத்திரி ஆக்சிடென்ட் ரெஜிஸ்டரில் அன்றைக்கே 'டெம்போ மோதி' என்று பதிவு, மறுநாளே எஃப்ஐஆர். கிளைம் கேஸில் கோர்ட் முதலில் புரட்டுவது இந்த இரண்டையும்தான். ரெஜிஸ்டர் காப்பியில் 'தானே விழுந்தார்' என்று இருந்து, பல நாள் கழித்து வண்டி நம்பரோடு எஃப்ஐஆர் வந்தால் சந்தேகம் அங்கேயே ஆரம்பிக்கும். மச்சான் கேஸ் அந்த விஷயத்தில் சுத்தம்.

வார்டுக்கே தேடி வந்தார் ஒருவர், வக்கீல் ஆபீஸ் ஆள் என்று. "கைக்காசு ஒண்ணும் வேண்டாங்ணா, வர்றதுல கால் பங்கு குடுத்தாப் போதும்." வக்காலத்தோடு சில வெற்றுத் தாள்களிலும் இரண்டு செக்கிலும் இடது கையாலேயே கையெழுத்து வாங்கிக்கொண்டார். வரும் தொகையில் பங்கு பேசிக் கேஸ் எடுப்பதும், ஆள் விட்டுக் கேஸ் பிடிப்பதும் பார் கவுன்சில் விதிப்படி வக்கீலுக்குத் தடை. வலியில் படுத்திருப்பவனுக்கு இதெல்லாம் எங்கே தெரியும்?

மனுவில் என்னென்ன சேர்த்திருக்கிறார்கள் என்பது குறுக்கு விசாரணையில்தான் வெளிச்சத்துக்கு வந்தது. டெம்போவின் இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் குரலையே உயர்த்தவில்லை. மருந்து பில்களை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டினார். தேதிகள் மூன்று மாதத்துக்குப் பரவிக் கிடந்தன. பில் நம்பர்கள் மட்டும் அடுத்தடுத்து. "மூணு மாசமா அந்தக் கடைக்கு உங்களைத் தவிர யாருமே வரலையா?" மச்சான் தலையைக் குனிந்துகொண்டார். அடுத்து சம்பளச் சான்று, மாதம் 28,000. ஈஎஸ்ஐ என்கிற தொழிலாளர் காப்பீட்டில் சேர சம்பள வரம்பே 21,000. மச்சானோ ஈஎஸ்ஐயில் விடுப்புப் பணம் வாங்கியவர். அந்தப் பதிவில் சம்பளம் 14,000 சொச்சம். கடைசியில் 45 சதவீத ஊனச் சான்று. கொடுத்த டாக்டரே கூண்டில் ஏறி, சிகிச்சை தன்னுடையதல்ல, ஒரு தடவைதான் பார்த்தேன் என்றார். மெடிக்கல் போர்டுக்கு அனுப்பினார்கள். 18 என்று வந்தது.

வயிறு எரிவது இங்கேதான். அந்த 18 போதுமே! உடல் ஊனச் சதவீதம் வேறு, அதனால் பிழைப்பில் ஏற்படும் இழப்பு வேறு என்று 2010-ல் ராஜ்குமார் - அஜய்குமார் வழக்கில் சுப்ரீம் கோர்ட் விளக்கமாகவே சொல்லியிருக்கிறது. இடது கை போனால் தச்சருக்கும் டிரைவருக்கும் ஏறக்குறைய முழு வருமானமும் போய்விடலாம். அரசு கிளார்க்குக்கு வேலையே போகாமலும் இருக்கலாம். மணிக்கட்டு திரும்பாமல் டெய்லர் எப்படித் துணியை வளைத்துத் தள்ளுவார்? மச்சான் இப்போது செக்கிங்கில் குறைந்த சம்பளத்துக்கு நிற்கிறார். ஆபரேஷன் செய்த டாக்டரையும் கம்பெனி சூப்பர்வைசரையும் சாட்சியாகக் கூப்பிட்டிருந்தாலே கேஸ் நின்றிருக்கும். வைத்தியம் பார்க்காத டாக்டர்கள் தாராளமாக எழுதித் தரும் சான்றுகளைப் பற்றி அதே தீர்ப்பு எச்சரிக்கவும் செய்கிறது. புரோக்கருக்கு இதெல்லாம் எதற்கு, தொகை பெரிதாகத் தெரிந்தால் போதும்.

மனுதாரர் சாட்சியம் நம்பும்படி இல்லை என்று தீர்ப்பில் எழுதிவிட்டார்கள். நாங்கள் நிஜமாக வாங்கிய மருந்து பில்களும் போலியோடு சேர்ந்து தள்ளுபடி. வருமான இழப்பு என்று ஒரு பைசா இல்லை. 18 சதவீத ஊனத்துக்கு, ஒரு சதவீதத்துக்கு இவ்வளவு என்ற கணக்கில் ஒரு சின்னத் தொகை.

டிஸ்சார்ஜ் சம்மரி, எக்ஸ்ரே ஃபிலிம் ஒரிஜினல்களை இப்படிப்பட்ட ஆட்களிடம் கொடுக்காதீர்கள். மனு நகலைக் கேட்டு வாங்கி, வருமானம், ஊனம், செலவு என்று போட்டிருப்பதை வரி வரியாகப் படியுங்கள். வசதி இல்லையென்றால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள், தகுதி இருந்தால் இலவசமாகவே வக்கீல் வைத்துத் தருவார்கள்.

தீர்ப்பு வந்த வாரமே தன் பங்கைக் கேட்டு புரோக்கர் போன் அடித்தார். செக்குகளுக்கு பேங்கில் ஸ்டாப் பேமென்ட் கொடுத்தாயிற்று. மேல்முறையீட்டுக்கு 90 நாள் கெடு. பழைய வக்கீல் ஆபீஸில் கேஸ் ஃபைலைத் தராமல் இழுப்பதால், கோர்ட்டிலேயே நகல் கேட்டு மனு போட்டிருக்கிறோம்.